எலி நோட்டு

காலையில் மில்லைத் திறந்ததும் நான் மெயின் ஸ்விட்ச் பக்கம் போவதில்லை. வாசற்படியில் குத்தவைத்து உட்கார்ந்து தரையைப் பார்ப்பேன். முந்தின நாள் அரைத்த மாவெல்லாம் ராத்திரி மெல்ல இறங்கி, சிமெண்டுத் தரையில் பவுடர் பூசின மாதிரி படிந்திருக்கும். யார் வந்தார்கள், சுவரோரமாகப் போனார்களா நடுவில் குதித்தார்களா, வாலை இழுத்தார்களா தூக்கிக்கொண்டார்களா, எல்லாம் அதில் இருக்கும். கூட்டிவிட்டால் போச்சு. அதனால் நான் பார்த்து முடிக்கும்வரை யாரும் விளக்குமாற்றைத் தொடக்கூடாது. வேலைக்கு வரும் அக்கா ஆரம்பத்தில் என்னை ஒரு மாதிரியாகத்தான் பார்த்தார். இப்போது அவரே எனக்கு முன்னால் எட்டிப் பார்த்துவிட்டு, “இன்னைக்கு அஞ்சு விரலு வந்திருக்கு” என்கிறார்.

மில் இருப்பது புளியரையில். செங்கோட்டையிலிருந்து கேரளத்துக்குப் போகிற ரோடு. எஸ் வளைவு ஏறி, கோட்டைவாசல் தாண்டினால் ஆரியங்காவு. மேற்கே மலை, கிழக்கே வயல், நடுவில் தென்னந்தோப்பு, அதற்கு நடுவில் எங்கள் மாவு மில். மேற்குத்தொடர்ச்சி மலை இந்த இடத்தில் கொஞ்சம் தாழ்ந்து வழி விடுகிறது. தெற்கே அகத்தியமலை, வடக்கே பெரியாற்றுப் பக்கத்து மலைகள். ஆடிச்சாரல், காற்று, ரயில், காய்கறி லாரி, வைக்கோல் லாரி எல்லாம் இந்த இடைவெளி வழியாகத்தான் போகும், வரும். எலிகளும் அப்படித்தான். ஒருமுறை வைக்கோல் லாரி ஒன்று ஆக்ஸில் முறிந்து எங்கள் வாசலில் இரண்டு நாள் நின்றது. அந்த வாரம் முழுக்க மில்லில் சுண்டெலி மேளா.

நான் இந்த ஊர்க்காரி இல்லை. கோவில்பட்டிப் பக்கத்துக் கரிசல்காட்டிலிருந்து கட்டிக்கொண்டு வந்தவள். எங்கள் பக்கம் எலி என்றால் வெள்ளெலி. மணல் நிறம், பெரிய கண், வால் நுனியில் கறுப்புக் குஞ்சம், விரட்டினால் பின்னங்காலில் தத்தித் தத்தி ஓடும். இங்கே வந்த புதிதில் நான் பார்த்த எந்த எலிக்கும் அந்தக் குஞ்சம் இல்லை. அத்தையிடம் கேட்டால் எல்லாவற்றுக்கும் ஒரே பெயர்தான் சொல்வார்: எலி. ரொம்பப் பெரிதாக இருந்தால் “பெருச்சாழி”. அந்த ‘ழி’ மலையாள வழி. அத்தை பிறந்தபோது செங்கோட்டை திருவிதாங்கூரில் இருந்தது. 1956 நவம்பர் 1-ஆம் தேதிதான் இந்தப் பக்கம் வந்தது. அத்தையின் நாக்கு இன்னும் முழுதாக வந்து சேரவில்லை.

நோட்டுப் போட ஆரம்பித்தது ஒரு கூகையால்.

மில்லின் பழைய பகுதிக்கு ஓட்டுக்கூரை. முகட்டுக்குக் கீழே செங்கல் பெயர்ந்த ஒரு பொந்து. அதில் ஒரு கூகை இருந்தது. வெள்ளை முகம், ராத்திரியில் திடீரென்று தகரத்தைக் கிழித்த மாதிரி ஒரு சத்தம். ஊரில் அதைச் சாக்குருவி என்பார்கள். விரட்டச் சொல்லி அத்தை தினமும் ஒரு பாட்டம் பாடுவார். நான் விரட்டவில்லை, காரணம் பெரிய ஞானம் ஒன்றும் இல்லை, அவ்வளவு உயரத்துக்கு ஏணி இல்லை. பொந்துக்கு நேர் கீழே தரையில் கட்டைவிரல் பருமனில் சாம்பல் நிற உருண்டைகள் கிடக்கும். எச்சம் என்று நினைத்துப் பல நாள் கூட்டித் தள்ளினேன். என் மகள்தான், அப்போது எட்டாம் வகுப்பு, அது எச்சம் இல்லை, விழுங்கிய எலியின் மயிரையும் எலும்பையும் கூகை வாய்வழியாகக் கக்குவது என்று சொல்லி, ஒன்றை வெந்நீரில் ஊறப்போட்டாள். பழைய டிபன் பாக்ஸ் மூடியில் ஊசியால் பிரித்தோம். மூன்று மண்டையோடு. இரண்டில் முன்னால் மேலே ரெண்டு, கீழே ரெண்டு என்று மஞ்சள் ஆரஞ்சு நிறத்தில் வளைந்த பல். அதற்குப் பின்னால் பல்லே இல்லாத ஒரு வெற்றிடம், அப்புறம் கடைவாய்ப் பற்கள். கொறிக்கிற ஜாதிக்கெல்லாம் இதே அமைப்பு. அந்த முன்பல் சாகும்வரை வளர்ந்துகொண்டே இருக்கும், எதையாவது கொறித்துத் தேய்த்துக்கொண்டே இருக்க வேண்டும். வயரும் கதவும் சோப்பும் போவது அதனால்தான்.

மூன்றாவது மண்டை வேறு மாதிரி. நீண்டு ஒடுங்கி, நுனியிலிருந்தே வரிசையாகக் கூர்கூரான பற்கள். இடைவெளியே இல்லை, குட்டி ரம்பம் மாதிரி. “இது எலி இல்லம்மா” என்றாள் மகள். நாற்பது பக்க நோட்டு ஒன்றில் அதைத்தான் முதல் வரியாக எழுதினோம். மூன்று மண்டை, ஒன்று எலி இல்லை.

அந்த வருஷம் ஆடியில், அதாவது 2016-இல், மோட்டார் வயரை எலி கடித்துவிட்டது. சாக்குகளில் ஓட்டை. வாடிக்கையாளர்கள் முகம் சுளிக்க ஆரம்பித்துவிட்டார்கள். மருந்து வைக்கிற ஆள் ஒருவரைக் கூட்டிவந்தார் எங்கள் வீட்டுக்காரர். அவர் தரையைப் பார்க்கவில்லை, சாக்கை நகர்த்தவில்லை, எந்த எலி என்று ஒரு கேள்வி இல்லை. கலர்க் கட்டிகளை மூலைக்கு மூலை வைத்தார், காசை வாங்கினார், போய்விட்டார். அந்தக் கட்டி ரத்தத்தை உறையவிடாமல் செய்கிற விஷம். தின்ற எலி உடனே சாகாது. நாலைந்து நாள் சோர்ந்துபோய், பகல் ராத்திரி தெரியாமல் வெளியில் அலையும். அப்படி அலைகிற எலிதான் கூகைக்குச் சுலபமான இரை.

பதினைந்து நாள் கழித்து ஒரு காலை, கூகை பொந்துக்குக் கீழே சிறகை விரித்தபடி குப்புறக் கிடந்தது. விஷத்தால்தான் என்று என்னால் நிரூபிக்க முடியாது. ஆனால் புரட்டாசிக்குள் எலி திரும்பி வந்துவிட்டது, கூகை இன்றுவரை வரவில்லை. அத்தை அன்று ஒன்றும் சொல்லவில்லை. சாக்குருவி செத்ததற்குச் சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். தென்னை மூட்டில் அவரே குழி தோண்டச் சொன்னார்.

அப்புறம்தான் ஒழுங்காகப் பார்க்க ஆரம்பித்தேன். பார்த்ததில் எரிச்சலான விஷயம், சாக்கை ஓட்டை போட்டது பெரிய எலியே இல்லை. சுண்டெலி. சாக்கு அடுக்குக்கு அடியிலேயே குடும்பம் நடத்திக்கொண்டிருந்தது. அதன் புழுக்கை சீரகத்தைவிடக் கொஞ்சம்தான் பெரிசு. வீட்டெலியின் புழுக்கை அரை அங்குலத்துக்குக் கிட்டத்தட்ட வரும், இரண்டு முனையும் கூராகி லேசாக வளைந்திருக்கும். பல்லிப் புழுக்கைக்கு ஒரு முனையில் வெள்ளைப் பொட்டு. வௌவால் புழுக்கையை விரலால் நசுக்கினால் பொலபொலவென்று உதிரும், உள்ளே பூச்சி இறக்கையின் மினுமினுப்பு. மாவு மில் நடத்துகிறவள் புழுக்கையைப் பற்றி இவ்வளவு எழுதுகிறாளே என்று அருவருக்க வேண்டாம். இதைப் பார்க்காத மில்லில்தான் நீங்கள் பயப்பட வேண்டும்.

பென்சில் நுழைகிற ஓட்டை போதும் சுண்டெலிக்கு. ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் மகளும் பென்சிலை எடுத்துக்கொண்டு சுவர் முழுக்கக் குத்திக் குத்திப் பார்த்து, நுழைந்த இடமெல்லாம் கம்பிவலையைத் திணித்துச் சிமெண்டு பூசினோம். கதவின் கீழ்விளிம்புக்குத் தகரம் அடித்தோம். சாக்குகளை மரப்பலகை மேல், சுவரிலிருந்து ஒரு முழம் தள்ளி அடுக்கினோம். மிச்சத்துக்குக் கூண்டுப்பொறி, சுட்ட தேங்காய்ச் சில்லு. ட்யூபில் வருகிற மஞ்சள் பாஸ்பரஸ் பசையை நாங்கள் எப்போதும் தொட்டதில்லை. மனிதக் கல்லீரலை உருக்குகிற சாமான் அது. தமிழ்நாட்டில் இப்போது அதற்குத் தடையும் வந்துவிட்டது.

சரி, அஞ்சு விரலுக்கு வருகிறேன்.

எலிக்கு முன்னங்காலில் நாலு விரல்தான் பதியும், பின்னங்காலில் அஞ்சு. சுண்டெலியோ பெருச்சாளியோ அணிலோ, எல்லாவற்றுக்கும் இதுதான் கணக்கு. ஆனால் மில்லின் மேற்குச் சுவரோரமாகத் தினமும் ஒரு தடம் வரும், முன்னங்காலிலும் அஞ்சு, பின்னங்காலிலும் அஞ்சு. சுவரைவிட்டு ஒரு சாண் விலகாது. இதுதான் டிபன் பாக்ஸ் மூடியில் கிடந்த மூன்றாவது மண்டைக்காரர். மூஞ்சூறு. கண் சரியாகத் தெரியாததால் சுவரைத் தடவிக்கொண்டே போகிறது. நீட்டு மூக்கு ஓயாமல் ஆடும். போகும்போது சாவிக்கொத்தைக் குலுக்கின மாதிரி ஒரு கிச்சுக்கிச்சு. அதன் விலாவில் இருக்கும் சுரப்பியின் நாற்றம்தான் அதற்குப் பாதுகாப்பு. பூனை கொன்றாலும் தின்னாமல் போட்டுவிட்டுப் போகும். செக்போஸ்ட்டுக்கு அந்தப் பக்கம் இதை நச்செலி என்பார்கள். பாவம், கரப்பானும் பூச்சியும் தின்று எனக்குச் சம்பளம் இல்லாமல் வேலை பார்க்கிற ஜீவனுக்கு இப்படி ஒரு பேர்.

அத்தைக்கும் எனக்கும் இதில் பெரிய வாக்குவாதம்.

“எலியப் போயி எலி இல்லங்கியே. பின்ன அது என்ன, யானையா?”

“கரப்பான் திங்குத ஜீவன் அத்தை அது. தானியத்துல வாயே வைக்காது.”

“பிள்ளையாருக்கு வாகனம்ங்காவ. பிள்ளையாரு எலி மேலதான இருக்காரு?”

இதற்கு என்னிடம் பதில் இல்லை. கோயிலுக்குக் கோயில் சிற்பி ஒவ்வொரு மாதிரி செதுக்கியிருக்கிறார். சில இடத்தில் கொழுத்த பெருச்சாளி, சில இடத்தில் கூர்மூக்கு. நான் சொல்ல வருவது அதில்லை. விஷக் கட்டி வைத்து மூஞ்சூறை ஒழிக்க முயல்வது வீண், அது அந்தப் பக்கமே வராது. தேங்காய்ச் சில்லுக்கும் வராது. கருவாடு வைத்தால் வரும். என் கூண்டில் மாட்டினால் மூக்கைப் பார்த்துவிட்டு ராத்திரியே தோப்போரம் திறந்துவிடுவேன்.

அத்தை வாயை அடைத்தது நானில்லை, மூஞ்சூறே. ஒரு ஆவணி மாசம் சாக்கை இழுத்தபோது தாய் ஒன்று வெளியே ஓடியது. அதன் பின்பக்கத்தை ஒரு குட்டி கடித்துப் பிடித்திருக்க, அந்தக் குட்டியை அடுத்த குட்டி, அதை அடுத்தது என்று அஞ்சு பெட்டி கோத்த ரயிலாக வளைந்து வளைந்து போய்ச் சாக்கடை ஓட்டைக்குள் நுழைந்தது. “ஏ யாத்தே, கொல்லம் வண்டில்லா போவுது” என்றார் அத்தை. அதற்கப்புறம் அவர் அதை எலி என்று சொல்வதில்லை. கொல்லம் வண்டி.

வயலுக்குப் போனால் கதை வேறு. கொழுந்தனார் கார்ப் பருவம், பிசானப் பருவம் என்று இரண்டு பூவும் நெல் போடுகிறவர். பயிர் கதிர் பிடிக்கிற நேரத்தில் தூரைச் சாய்வாக, அரிவாளால் சீவினது போலக் கடித்துப் போட்டிருந்தால் அது வரப்பெலி. வேளாண்மைப் புத்தகங்களில் கரம்பை எலி என்று போட்டிருக்கும். வால் உடம்பைவிடக் குட்டை, மூஞ்சி மொட்டை, ஆள் குண்டு. வளை வாசலில் புதுமண் குமித்து அடைத்து வைத்திருக்கும். மண் ஈரமாகப் பொலபொலவென்று இருந்தால் ஆள் உள்ளே இருக்கிறார். அறுப்பு முடிந்து அவர் ஒரு வளையை வெட்டினபோது உள்ளே ஓர் அறை நிறையக் கதிர், அடித்துத் தூற்றியதில் மூன்று படி நெல் தேறியது. “என் வயல்ல எனக்கு முன்னால அறுத்துட்டான்” என்றார், கோபமும் ஒரு மாதிரி மரியாதையுமாக. வளைக்குள் கையை விடக்கூடாது என்பதை மட்டும் சொல்லிவைக்கிறேன். எலி காலி செய்த வீட்டில் நல்லபாம்பு குடியிருக்கும். வரப்பில் சாரைப்பாம்பைக் கண்டால் அடிக்காதீர்கள், அது உங்கள் ஆள். கொழுந்தனார் இப்போது வயலுக்குள் ஆங்காங்கே ‘டி’ மாதிரி கம்பு நட்டு வைக்கிறார், ஆந்தை வந்து உட்கார. தஞ்சாவூர்ப் பக்கத்து மூங்கில் கிட்டிப் பொறியும் வாங்கி வைத்திருக்கிறார்.

தென்னையில் ஏறுவது வரப்பெலி இல்லை, வீட்டெலி. வால் உடம்பைவிட நீளம், காது பெரிசு. மரத்துக்கு மரம் ஓலை வழியே தாவி, மண்டையில் கூடு கட்டிக்கொண்டு குரும்பையைக் காம்புப் பக்கம் ஓட்டை போடும். மரத்தடியில் ஓட்டையோடு இளங்காய் கிடந்தால் தரையில் பொறி வைத்துப் பயனில்லை. ஆள் உயரத்துக்கு மேல் ஒரு முழ அகலத் தகரத்தைச் சுற்றினால் கால் வழுக்கி விழும். ஆனால் பக்கத்து மர ஓலை இடித்துக்கொண்டிருந்தால் தகரமும் வேஸ்ட். நாங்கள் ஒரு வருஷம் வேஸ்ட் செய்தோம்.

பெருச்சாளியை நான் முதலில் பார்த்தது எங்கள் வீட்டுச் சாக்கடை மூடி மேல். பூனை என்றே நினைத்தேன். ஒரு கிலோவுக்கு மேல் போகும் உருப்படி. விளக்குமாற்றை ஓங்கினதும் ஓடவில்லை, முதுகு மயிரைச் சிலிர்த்துக்கொண்டு பன்றி மாதிரி உறுமியது. ஓடினது நான். ஆங்கிலத்தில் இதற்குப் பாண்டிகூட் என்று பேர், அது தெலுங்குப் ‘பந்திகொக்கு’ போய் மாறினது, பன்றியெலி என்று அர்த்தம். அந்த உறுமலைக் கேட்டவர்தான் பேர் வைத்திருக்க வேண்டும்.

இந்த இடத்தில் காய்ச்சலைப் பற்றிச் சொல்லாமல் போனால் எங்கள் வீட்டுக்காரர் கோபிப்பார். 2018 ஆகஸ்டில் கேரளத்தில் வெள்ளம் வந்தபோது அவர் லோடு ஆட்டோவில் அரிசியும் தண்ணீர் பாட்டிலும் ஏற்றிக்கொண்டு நாலைந்து நடை போனார். முழங்கால் தண்ணீரில் நின்று மூட்டை இறக்கினார். காலில் செருப்புக் கடித்த புண். அங்கே சுகாதாரப் பணியாளர்கள் எல்லோருக்கும் டாக்சிசைக்ளின் மாத்திரை கொடுத்திருக்கிறார்கள், வாரம் ஒருமுறை 200 மில்லிகிராம். இவர் வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வந்தார். சட்டையைத் துவைத்தபோதுதான் மாத்திரை எனக்குத் தெரியும். பத்தாம் நாள் காய்ச்சல், கெண்டைக்கால் தொட்டால் கத்துகிற வலி, கண் ரத்தமாகச் சிவந்துபோனது. எலிக்காய்ச்சல். கேரளத்தில் எலிப்பனி என்பார்கள். எலி கடித்து வருவதில்லை. எலி மூத்திரம் கலந்த தண்ணீரோ சேறோ புண்ணில், கண்ணில், வாயில் பட்டால் போதும். ஆடுமாடு மூத்திரத்திலும் வரும். நேரத்தோடு போனதால் ஆள் தப்பினார். அன்றிலிருந்து சாக்கடை அள்ள, மில்லின் பின்பக்கம் கழுவ என்றால் ரப்பர் பூட்ஸ் இல்லாமல் யாரையும் இறங்கவிடுவதில்லை. சாணி மிதித்த காலோடு ஐம்பது வருஷம் இருந்தவள் நான் என்று அத்தை சொல்வதையும் கேட்டுக்கொண்டு, பூட்ஸைத்தான் கொடுக்கிறேன்.

நோட்டைப் பற்றி ஊரில் தெரிந்த பிறகு மாவு அரைக்க வருகிறவர்கள் போனில் படம் கொண்டுவர ஆரம்பித்தார்கள். மரவள்ளித் தோட்டத்தில் கிடந்த கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட முள்ளை ஒருவர் கொண்டுவந்தார். முள்ளம்பன்றி. பன்றி என்று பேர், ஜாதியில் எலிக்கு மூத்த அண்ணன். அதுவும் கொறிக்கிற இனம்தான், நம் நாட்டிலேயே அதில் பெரிசு இதுதான். முள்ளை அம்பு மாதிரி எய்யும் என்பதெல்லாம் கதை. பின்பக்கமாக வந்து மோதும், லேசாக ஒட்டியிருக்கும் முள் குத்தின இடத்தில் நின்றுவிடும். ஆரியங்காவு கோயிலுக்குப் போன பிள்ளைகள் செம்பழுப்பில் கிட்டத்தட்ட ஒரு மீட்டர் நீளத்துக்கு ஓர் அணிலைப் படம் எடுத்து வந்து, ஸ்ரீவில்லிபுத்தூர் சாம்பல் அணில்தானே என்றார்கள். இல்லை, இது மலையணில். அந்தச் சாம்பல் அணிலுக்காக 1988-இல் சரணாலயம் வைத்தார்கள், அது வேறு ஆள். முயலை யாராவது எலிக் குடும்பம் என்று சொன்னால் மகள் சண்டைக்குப் போவாள். மேல் முன்பல்லுக்குப் பின்னால் முயலுக்கு இன்னொரு ஜோடி குட்டிப் பல் உண்டாம். நான் எந்த முயல் வாயையும் திறந்து பார்க்கவில்லை. அவள் பேச்சை நம்புகிறேன்.

மச்சில் ஆள் நடக்கிற சத்தம் 2021-இல் வந்தது.

ராத்திரி பத்தரைக்கு ஆரம்பிக்கும். எலி மாதிரி கரகரவென்று இல்லை. தொம், தொம் என்று நிதானமாக. கூடவே ஒரு வாசனை. “யாரோ பிரியாணி போடுதாங்க” என்றார் வீட்டுக்காரர். பாசுமதி அரிசி வெந்த மாதிரியே இருந்தது. நடுராத்திரியில் எங்கள் தெருவில் யார் பிரியாணி போடுவார்கள்? அத்தை வழக்கம்போல் திருநீறு தேடினார். நான் மாவு தேடினேன். அரைப்படி கோதுமை மாவைச் சல்லடையில் சலித்து மொட்டைமாடிப் படியில் தூவி வைத்தேன். காலையில் பூனைக்கால் அளவுத் தடம், ஆனால் பூனைக்கு நாலு விரல்தான் பதியும், இதில் அஞ்சு. மாடி மூலையில் எச்சம், அதில் முழுசு முழுசாகக் காப்பிக்கொட்டையும் பப்பாளி விதையும்.

மில்லுக்கு மிளகாய் அரைக்க வந்த ஆரியங்காவுச் சேச்சியிடம் சொன்னேன். “அது மரப்பட்டியாணு” என்றார் ஒரே வார்த்தையில். கோவில்பட்டிக்காரி நான். என் காதில் பட்டி என்றால் ஊர். “மரப்பட்டியா? அது எந்தப் பக்கம் இருக்கு?” என்று கேட்டேன். சேச்சி சிரித்து முடிக்க அஞ்சு நிமிஷம் ஆயிற்று. மலையாளத்தில் பட்டி என்றால் நாய். மரப்பட்டி, நம் மரநாய். இரண்டு பாஷைக்காரர்களும் சேர்ந்து நாய் என்று முடிவு செய்துவிட்டார்கள். அதற்கும் நாய்க்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. புனுகுப்பூனை வகை. பழம் தின்னும், பனைமரத்தில் கள்ளுப்பானையில் வாய் வைக்கும், எலியும் பிடிக்கும். வாசனை அதன் சுரப்பியிலிருந்து வருவது.

பக்கத்து வீட்டுத் தம்பி சுருக்குக் கம்பி வைக்கலாம் என்றான். 1972 வனவிலங்குச் சட்டத்தில் உள்ளே போக ஆசையா என்று கேட்டேன். குட்டி ஏதும் இல்லை என்று பகலில் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, அது இரை தேடப் போன ஒரு ராத்திரியில் பெயர்ந்த ஓட்டைச் சரி செய்தோம். பிரியாணி வாசனை இப்போது அந்தத் தம்பி வீட்டிலிருந்து வருகிறது.

நாத்தனார் கேரளத்தில் கழுதுருட்டிப் பக்கம் மலைச்சரிவில் இருக்கிறார். மிளகு, கமுகு, கொஞ்சம் ரப்பர். போன தை மாதம் போன் செய்தார். “ஏட்டி, இங்க முள்ளெலி மிளகத் திங்குது. நீதான் பெரிய எலி டாக்டராச்சே, வந்து பாரு.”

எனக்குச் சிரிப்பு வந்தது. முள்ளெலியை நான் பார்க்காததா? கோவில்பட்டிப் பக்கம் உடைமரக் காட்டில் ராத்திரி டார்ச் அடித்தால் தேங்காய் அளவில் ஒரு முள்பந்து சுருண்டுகொள்ளும். பூச்சியும் கரையானும் தின்னும் பிராணி. எனக்குக் கக்குவான் வந்தபோது ஆச்சி அதன் காய்ந்த முள்ளை உரைத்துத் தேனில் நாக்கில் தடவினார். இருமல் அதன் போக்கில்தான் போனது. முள்ளெலிதான் பாவம், இந்த நம்பிக்கையால் எத்தனை செத்ததோ. அது வறண்ட காட்டை விட்டு நகராது, மரம் ஏறாது, மிளகைத் திரும்பிக்கூடப் பார்க்காது.

“மைனி, முள்ளெலி மிளகு திங்காது. வேற எதையோ பாத்திருக்கிய.”

“நான் கண்ணால கண்டேங்கேன், நீ போன்ல இருந்துக்கிட்டு இல்லங்க.”

இரண்டு நாள் பேச்சு நடந்தது. அப்புறம் மகள், இப்போது கல்லூரியில் படிக்கிறாள், ராத்திரி ஒரு படம் அனுப்பினாள். அதுவும் முள்ளெலி. மலையாள முள்ளெலி. மேற்குத்தொடர்ச்சி மலையைத் தவிர உலகத்தில் வேறெங்கும் இல்லாத ஒரு பிராணி. 1859-இல் எட்வர்டு பிளைத் என்பவர் அறிவியலுக்கு எழுதி வைத்தார். என் ஊர் முள்ளெலி கொறிக்கிற இனமே இல்லை, பூச்சி தின்னி. இது அசல் கொறிணி. கையளவுதான். முதுகு மயிர்களுக்கு நடுவில் தட்டையான முள்மயிர், மரப்பொந்தில் வீடு, ராத்திரி நடமாட்டம். வால் நுனிக்குப் போகப் போகப் பாட்டில் கழுவும் பிரஷ் மாதிரி புசுபுசுவென்று ஆகி, கடைசியில் வெள்ளை. மிளகுக் கொடியில் புகுந்துவிடுவதால் தோட்டத்துக்காரர்களிடம் மிளகெலி என்ற கெட்ட பெயரும் உண்டு. ஆக, ஒரே பேரை மலைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இரண்டு பிராணிக்கு வைத்துக்கொண்டு நானும் மைனியும் சண்டை போட்டிருக்கிறோம்.

சனிக்கிழமை மில்லைச் சீக்கிரம் பூட்டிவிட்டு நானும் வீட்டுக்காரரும் கிளம்பிப் போனோம். டார்ச் முகப்பில் சிவப்புக் கண்ணாடிக் காகிதம் சுற்றி ரப்பர் பேண்ட் போட்டேன். வெள்ளை வெளிச்சம் பட்டால் எதுவும் நிற்காது. மைனி காட்டிய முருக்குமரத்தடியில் மிளகுத் தோலும் பாதி கொறித்த மணியும் சிதறிக் கிடந்தன. சாக்கை விரித்து உட்கார்ந்தோம். அட்டை ஏறியது. வீட்டுக்காரர் அரைமணிக்கொருதரம் “இது வீட்டெலிதான், வா போவோம்” என்றார். தூரத்தில் ரயில் மலை ஏறுகிற சத்தம் வந்து, போயிற்று.

பதினொன்று இருபதுக்கு மிளகுக்கொடி ஆடியது. டார்ச்சைத் திருப்பினேன். ஏதோ ஒன்று தண்டின் பின்பக்கமாக மேலே ஓடியது. உடம்பு தெரியவில்லை. இலைக்கு அப்பால் வால் மட்டும், நுனி தடித்து, அந்தச் சிவப்பு வெளிச்சத்திலும் வெளிறித் தெரிந்தது. அவ்வளவுதான். இன்னும் ஒன்றரை மணிநேரம் இருந்தோம், வரவில்லை. போனில் எடுத்த படத்தில் ஒரு மிளகிலையும் என் கட்டைவிரலும் இருக்கின்றன.

“கண்டியாட்டி?” என்று மைனி கதவைத் திறந்துகொண்டே கேட்டார்.

“வாலக் கண்டேன் மைனி.”

“வாலு மட்டுமா? மிச்சத்த நான் கண்டிருக்கேன். நோட்டுல என் பேரயும் சேத்து எழுது.”

எழுதியிருக்கிறேன். தேதி, முருக்குமரம், இரவு 11.20, வால் நுனி வெளுப்பு, மிச்சம் மைனி. பிராணியின் பெயர் எழுதுகிற கட்டத்தை மட்டும் விட்டு வைத்திருக்கிறேன். அடுத்த தையில் மிளகு பழுக்கும்போது இன்னொரு தடவை போக வேண்டும். இந்தமுறை வீட்டுக்காரரை விட்டுவிட்டு.